அரசனைப் பெற்றவளுக்கு என்ன பட்டம்? ராஜமாதா, அம்ம மகாராணி, உடைய பிராட்டியார்: ஒரு விவாதம்

குடந்தை வளவன்:

அனைவருக்கும் வணக்கம். எங்கள் பகுதிப் பள்ளி ஒன்றில் சோழர் காலப் பெண்களைப் பற்றிக் கண்காட்சி வைக்கிறார்கள். விளக்கப் பலகைகளுக்கு வாசகம் எழுதிக் கொடுக்கும் வேலை என்னிடம் வந்து சேர்ந்திருக்கிறது. மாணவர்கள் தந்த வரைவில் "ராஜமாதா செம்பியன் மாதேவியார்" என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. ஓர் ஆசிரியை, பார்ப்பவர்களுக்குச் சட்டென்று புரியும், அப்படியே இருக்கட்டும் என்கிறார். இன்னொருவர், அது வடநாட்டுப் பட்டம், திரைப்படம் பார்த்து நாம் ஒட்டிக்கொண்டது, எடுத்துவிடுங்கள் என்கிறார். இருவருமே வரலாற்றில் அக்கறை உள்ளவர்கள்.

ராஜமாதா என்றால் அரசனைப் பெற்றவள் மட்டும்தானா? விதவையான பட்டத்து அரசிக்கெல்லாம் அந்தப் பெயர் உண்டா? அது அழைக்கும் மரியாதைச் சொல்லா, அல்லது அரண்மனையில் ஏதேனும் உரிமை தரும் பதவியா? நம் கல்வெட்டுகள் இதற்கு என்ன சொல் வைத்திருக்கின்றன? தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

கல்லெழுத்து:

வளவன் ஐயா, கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். செம்பியன் மாதேவிக்குச் சோழர் கல்வெட்டுகள் தரும் அடையாளம் இதுதான்: "உத்தம சோழ தேவரைத் திருவயிறு வாய்த்த உடைய பிராட்டியார்". இதைப் பலமுறை படித்திருக்கிறேன், இன்னும் சலிக்கவில்லை. உடைய பிராட்டியார் என்பது மதிப்புப் பெயர். நம்பிராட்டியார், பிராட்டியார் என்றெல்லாம் அரச குலப் பெண்கள் பலருக்கும் வருவதுதான். அரசனின் தாய் என்ற நிலையைச் சொல்வது அதற்கு முன்னால் நிற்கும் தொடர். ஒரு பட்டத்தால் சொல்லவில்லை, ஒரு வாக்கியத்தால் சொல்கிறார்கள். ஒரு குறிப்பிட்ட மகனை, பெயர் சொல்லி, வயிற்றில் சுமந்தவர் என்று சொல்கிறார்கள்.

"செம்பியன் மாதேவி" என்பதே ஒரு பட்டந்தான். செம்பியன் சோழன், மாதேவி பேரரசி. வானவன் மாதேவி, பஞ்சவன் மாதேவி, உலகமாதேவி எல்லாம் இந்த அச்சில் வார்த்தவை. ஒரே பெயர் தலைமுறை தலைமுறையாக வெவ்வேறு பெண்களுக்கு வந்து குழப்புவதற்குக் காரணமும் அதுவே.

நீங்கள் குடந்தைக்காரர். காரைக்கால் போகும் வழியில் எஸ். புதூர் பக்கம் கோனேரிராஜபுரம் இருக்கிறது, பழைய திருநல்லம். அங்கே கண்டராதித்தர் லிங்கத்தை வழிபடும் சிற்பத்தை ஒருமுறை போய்ப் பாருங்கள். அதன் கீழே உள்ள கல்வெட்டில், செம்பியன் மாதேவியார் "தம்முடைய திருமகனார்" உத்தம சோழர் "திருராஜ்யம் செய்தருளா நிற்க", தம் கணவர் கண்டராதித்தர் பெயரால் அந்தக் கோயிலைக் கற்றளியாக, அதாவது கற்கோயிலாக, எழுப்பியதாக வருகிறது. ஆட்சி மகனுடையது, பெயர் இறந்துபோன கணவருடையது, செயல் இவருடையது. மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறது அந்தக் கல். ராஜமாதா என்ற ஒற்றைச் சொல் இதில் பாதியைக்கூடத் தாங்காது. பலகையில் இதைப் போடுங்கள் என்பேன்.

கோதாவரிக் கரை:

கல்லெழுத்து ஐயா சொன்ன சோழர் பகுதியை ஏற்கிறேன். ஆனால் "வடநாட்டிலிருந்து திரைப்படம் வழியாக வந்த சொல்" என்ற கருத்தை மறுக்க வேண்டியிருக்கிறது. நான் வேலை நிமித்தம் நாசிக்கில் குடியிருப்பவன். ஊருக்கு வெளியே திரிரஸ்மி மலையில் பாண்டவ லேணி குகைகள் இருக்கின்றன. மூன்றாம் குகையில் தக்காணத்தை ஆண்ட சாதவாகனர் கல்வெட்டுகள். அவற்றில் ஒன்று கௌதமிபுத்திர சாதகர்ணியின் 24ஆம் ஆட்சியாண்டு ஆணை. அந்த ஆணை அரசன் பெயரில் மட்டும் போகவில்லை. அரசனும், மகாதேவியும் ஜீவசுதையும் ராஜமாதாவுமான அவன் தாயும் சேர்ந்து, கோவர்த்தனத்து அமாத்தியன் (அரசு அதிகாரி) சாமகனுக்கு விடுத்த உத்தரவு அது. ஜீவசுதை என்றால் மகன் உயிரோடு இருக்கப்பெற்றவள். இப்படி அழைக்கப்படுபவர் கௌதமி பலசிரி என்பது பொதுவாக ஏற்கப்பட்ட கருத்து.

ஆணையின் பொருள் என்ன தெரியுமா? முன்பு குகையில் வாழும் துறவிகளுக்குக் ககடி என்ற ஊரில் வயல் கொடுத்திருந்தார்கள். அந்த வயலில் உழவு இல்லை, ஊரிலும் குடியில்லை. ஆகவே நகர எல்லையில் உள்ள அரசு நிலத்திலிருந்து 100 நிவர்த்தனம் (அந்தக் கால நில அளவு) மாற்றிக் கொடு என்கிறார்கள். தரிசாகக் கிடக்கும் தானத்தைச் சரிசெய்யும் சாதாரண நிர்வாக வேலை. அதில் ராஜமாதாவின் வாக்கு அரசனின் வாக்கோடு சேர்ந்து நிற்கிறது. அலங்காரப் பட்டமாக இருந்தால் நில மாற்று உத்தரவில் அது வருமா?

அதே குகையில் பேரன் புளுமாவியின் 19ஆம் ஆட்சியாண்டில் பலசிரி குகையைப் பிக்கு சங்கத்துக்குக் கொடையளிக்கும் கல்வெட்டு இருக்கிறது. அங்கே அவர் மகாராஜமாதா, மகாராஜ பிதாமகி: மகாராஜனின் தாய், மகாராஜனின் பாட்டி. மகனின் வெற்றிகளையெல்லாம் அந்தக் கல்வெட்டில் வரிசைப்படுத்துகிறார். சோழர்களுக்குப் பல நூற்றாண்டு மூத்த சொல் இது.

திண்ணை வாசகர்:

கோதாவரிக் கரைக்கு ஒரு துணைச் சான்று. அர்த்தசாஸ்திரத்தில் ஐந்தாம் அதிகரணத்தின் மூன்றாம் அத்தியாயம் அரசு ஊதியப் பட்டியல். உச்ச வரிசையில் 48,000 பணம் பெறுவோர்: வேள்வி ஆசான், ஆசாரியன், மந்திரி, புரோகிதன், சேனாபதி, இளவரசன், ராஜமாதா, பட்டத்து அரசி. அரசனின் தாய்க்கு இளவரசனுக்கும் சேனாபதிக்கும் சமமான தொகை. இதற்கு மேல் படி இல்லை. காரணத்தையும் அந்த நூல் மறைக்கவில்லை. இவ்வளவு கொடுத்தால் இவர்கள் ஆசைக்கும் கோபத்துக்கும் ஆளாக மாட்டார்களாம். அரசனுக்கு எதிராகத் திரும்பக்கூடிய வலிமை உள்ளவள் என்று கணக்கிட்டுத்தான் அந்தத் தொகை.

வடசேரிக்காரன்:

எங்கள் நாஞ்சில் நாட்டுக் கதையைச் சொல்லாமல் இந்த விவாதம் நிறைவடையாது. 1949 வரை நாங்கள் திருவிதாங்கூர்ப் பிரஜைகள், பிறகு 1956 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தவர். அங்கே மருமக்கள் வழி. அரசனுக்குப் பின் அவன் மகன் வருவதில்லை, சகோதரியின் மகன் வருகிறான். இந்த ஒரு விதி எல்லாப் பட்டங்களையும் இடம் மாற்றிவிடுகிறது.

திருவிதாங்கூரில் ராணி என்றால் அரசனின் மனைவி இல்லை. அரசனின் தாய், தமக்கை, தங்கை, சகோதரி மகள் முறையில் வருபவர்கள்தான் ராணிகள். ஆற்றிங்கல் ராணி என்ற பழைய பெயரும் அவர்களுக்கு உரியது. அரசனின் மனைவிக்கு அம்மச்சி என்று பெயர். அவர் குடியிருக்கும் மாளிகை அம்மவீடு. அருமனை அம்மவீடு, வடசேரி அம்மவீடு, நாகர்கோவில் அம்மவீடு, திருவட்டாறு அம்மவீடு என்று அவை எங்கள் ஊர்ப் பெயர்களைத் தாங்கியவை. அம்மச்சி பெற்ற ஆண்பிள்ளைகள் தம்பி, பெண்பிள்ளைகள் தங்கச்சி. அரியணைக்கு அவர்கள் அருகில்கூட வர முடியாது. வர முயன்ற பப்புத் தம்பி, ராமன் தம்பி கதி என்னவானது என்பதை மார்த்தாண்ட வர்மாவின் வரலாறு சொல்லும்.

அதாவது அரசனின் மனைவி எந்நாளும் அரசனின் தாய் ஆக முடியாது. வேறு நாடுகளில் ஒரே பெண் ராணியாக இருந்து, கணவன் இறந்ததும் ராஜமாதா ஆகிறாள். திருவிதாங்கூரில் அவை இரண்டும் இரண்டு குடும்பத்துப் பெண்களுடைய இடங்கள். அரசனைப் பெறப்போகிறவள் பிறக்கும்போதே ராணி, அல்லது அதற்காகவே தத்தெடுக்கப்பட்டவள்.

தத்து என்று சொன்னேன் அல்லவா, 1900இல் மாவேலிக்கரையிலிருந்து சேது லட்சுமிபாய், சேது பார்வதிபாய் என்ற இரண்டு சிறுமிகளை அரண்மனைக்குத் தத்தெடுத்தார்கள். ஓவியர் ரவிவர்மாவின் பேத்திகள். இளையவர் சேது பார்வதிபாய்க்கு 1912இல் சித்திரைத் திருநாள் பிறந்தார். 1924இல் மகாராஜா மூலம் திருநாள் மறைந்தபோது பிள்ளைக்கு 12 வயதுகூட ஆகவில்லை. அப்போது ரீஜெண்ட், அதாவது சிறுவனின் பெயரால் ஆள்பவர், ஆனவர் யார்? பெற்ற தாய் இல்லை. மூத்த ராணியான சேது லட்சுமிபாய். 1931 வரை அவர்தான் ஆண்டார். பெற்றவருக்கு அம்ம மகாராணி என்ற பெயர் நிலைத்தது. மகன் ஆட்சிக்கு வந்த பின் அம்ம மகாராணியின் செல்வாக்கு எவ்வளவு என்று நாடெல்லாம் பேச்சு. இருந்தாலும் ஆட்சியுரிமை மூப்புக்கு, தாய்மைக்கு அன்று என்பதில் அந்த அரண்மனை அசையவில்லை.

நூறு ஆண்டு முன்னே போனால் இதற்கு நேர்மாறு. கௌரி லட்சுமிபாய் 1810இல் தாமே ஆட்சிக்கு வந்தார். 1813இல் சுவாதித் திருநாள் பிறந்ததும் பிள்ளையின் பெயரால் ஆளத் தொடங்கினார். 1815இல் அவர் மறைந்ததும் தங்கை கௌரி பார்வதிபாய் 1829 வரை பொறுப்பேற்றார். தாயானதால் ஆட்சி கிடைக்கவில்லை கௌரி லட்சுமிபாய்க்கு. ஆண்டுகொண்டிருந்தவர் தாயானதும் ரீஜெண்ட் ஆகிவிட்டார்.

குடந்தை வளவன்:

வடசேரிக்காரன் ஐயா, இதைத் தனிக் கட்டுரையாகவே எழுத வேண்டும் நீங்கள். ஒரு துணைக் கேள்வி எல்லோருக்கும். ஜெய்ப்பூர் காயத்ரி தேவியை எல்லாரும் ராஜமாதா என்கிறார்கள். அவர் மகன் அரசராக இருந்ததில்லையே?

மாடமாளிகை:

ஜெய்ப்பூரில் பல ஆண்டு வாழ்ந்தவள் என்பதால் இதற்கு நான் பதில் சொல்கிறேன். காயத்ரி தேவி இரண்டாம் சவாய் மான் சிங்கின் மூன்றாவது மனைவி. 1970இல் மான் சிங் இறந்ததும் முதல் மனைவியின் மகன் பவானி சிங் பட்டத்துக்கு வந்தார். அந்த நாளிலிருந்து காயத்ரி தேவி மகாராணி இல்லை, ராஜமாதா. புதிய மகாராஜாவின் மனைவிக்கு மகாராணி என்ற இடம் போகிறது. முந்தைய மகாராஜாவின் விதவைக்கு ஓர் இடம் வேண்டும். அந்த இடத்தின் பெயர் ராஜமாதா. பெற்றாரா இல்லையா என்ற கேள்வியே அங்கு எழவில்லை. அரசன் யாரைத் தாய் ஸ்தானத்தில் வைத்து வணங்க வேண்டுமோ அவர் ராஜமாதா.

ராஜபுத்திர அரண்மனைகளுக்குள் அன்றாடம் புழங்கிய பெயர் மாஜி சாகிபா. அதற்கும் மேல் ஒரு வழக்கம் உண்டு, கல்லெழுத்து ஐயாவுக்குப் பிடிக்கும். ராணிகளைப் பிறந்த குலத்தின் பெயராலேயே அழைப்பார்கள். பட்டி என்ற ராஜபுத்திர குலத்துப் பெண் பட்டியாணி, ராத்தோர் குலத்துப் பெண் ராத்தோர்ஜி. ஜெய்ப்பூரில் 1818இல் ஜகத் சிங் வாரிசில்லாமல் இறந்தார். மறு ஆண்டு அவருடைய பட்டியாணி ராணிக்கு ஆண் குழந்தை பிறந்தது. மூன்றாம் ஜெய் சிங் என்று பெயர் சூட்டினார்கள். தாய் ஆட்சியைக் கையில் எடுத்தார். வரலாற்றில் அவர் பெயர் இன்றும் பட்டியாணி என்றுதான் வருகிறது. அரசனைப் பெற்று, அரசை நடத்தி, கடைசியில் நிலைத்தது பிறந்த வீட்டின் பெயர்.

மண்மகள்:

எல்லாரும் பட்டங்களை வியந்து எழுதுகிறீர்கள். எனக்கு மனம் ஒப்பவில்லை. இந்தப் பட்டங்கள் ஒவ்வொன்றும் அந்தப் பெண்ணை யாரோ ஒருவனோடு சேர்த்துக் கட்டுகின்றன. ஜீவசுதை என்கிறார் கோதாவரிக் கரை. மகன் உயிரோடு இருக்கிறவள்! மகன் செத்துப்போனால் அந்தச் சொல்லும் போயிற்று. செம்பியன் மாதேவி எத்தனை கற்றளி எடுத்தார், அவருக்கு அடையாளம் திருவயிறு. இதைப் பெருமை என்று பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டுமா?

ராசராசனின் தாயை எடுத்துக்கொள்ளுங்கள். திருக்கோவலூர்க் கல்வெட்டு அவரைப் பாடுகிறது: "முலைமகப் பிரிந்து முழங்கெரி நடுவணும் தலைமகற் பிரியாத் தையல்". பால்குடி மாறாத பிள்ளையை விட்டு, கணவன் சுந்தர சோழனோடு தீயில் போனவள். புகழ்ச்சியாகத்தான் பாடியிருக்கிறார்கள். எனக்கு அந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் அந்தப் பிள்ளையின் நினைவுதான் வருகிறது. ராசராசன் 985இல் அரியணை ஏறியபோது அந்த அரண்மனையில் அவனைப் பெற்றவள் இல்லை. பட்டம் கொடுக்க ஆள் இருக்க வேண்டாமா?

கல்லெழுத்து:

மண்மகள் அம்மாவின் சினம் நியாயமானது. அந்த வரி எனக்கும் பாரமானதுதான். ஆனால் அதே இடத்திலிருந்து ஒரு செய்தியைச் சேர்க்க வேண்டும். தாய் இல்லாத அந்த அரண்மனையில் யார் இருந்தார்கள்? பெரிய பாட்டியாகச் செம்பியன் மாதேவி இருந்தார், அக்காவாகக் குந்தவை இருந்தார். தஞ்சைப் பெரிய கோயிலில் ராசராசன் தன் வாயால் சொல்வது போல வெட்டியிருக்கிறது: "நாம் குடுத்தனவும், நம் அக்கன் குடுத்தனவும், நம் பெண்டுகள் குடுத்தனவும்". அரசனுக்கு அடுத்து அக்கா, அதற்குப் பிறகே மனைவியர். தாயின் இடத்தில் அக்கனை வைத்தான் என்று நான் நினைக்கிறேன். அக்கன் என்பதும் பட்டமில்லை, வீட்டில் கூப்பிடும் முறைப்பெயர்.

இன்னொன்று. உத்தம சோழனுக்குப் பின் ஆட்சி வேறு கிளைக்குப் போய்விட்டது. செம்பியன் மாதேவி பெற்ற மகன் இப்போது அரசனில்லை, உயிரோடும் இல்லை. வேறு நாடாக இருந்தால் அத்தோடு அவர் கதை முடிந்திருக்கும். ஆனால் ராசராசன் காலத்திலும் செம்பியன் மாதேவியின் கோயிற்பணி தொடர்ந்தது. திருவக்கரையில் 1001இல்கூட அவர் பெயர் வருகிறது. நாகப்பட்டினம் பக்கம் அவர் பெயரிலேயே அமைந்த ஊரில், உத்தம சோழனின் தேவியர் தங்கள் மாமியாரின் பிறந்த நாளாகிய சித்திரைக் கேட்டைக்கு அறக்கட்டளை வைத்தார்கள். மகன் உயிரோடு இருந்தால்தான் மதிப்பு என்ற கணக்கு இவரிடம் செல்லவில்லை.

மாற்றாந்தாய் பற்றியும் சொல்லிவிடுகிறேன், காயத்ரி தேவி பேச்சு வந்ததால். பட்டீசுவரம் அருகே ராமநாதன் கோயில் என்று ஊரார் சொல்லும் சிறு கற்றளி உண்மையில் பஞ்சவன் மாதேவீசுவரம், ராசராசனின் தேவியருள் ஒருவரான பஞ்சவன் மாதேவியின் பள்ளிப்படை, அதாவது இறந்தவர் நினைவாக எடுத்த கோயில். எடுத்தவன் ராசேந்திரன். அவனைப் பெற்றவர் வேறொருவர். சிற்றன்னைக்குப் பள்ளிப்படை எடுத்த பேரரசனை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

கோதாவரிக் கரை:

மண்மகள் அவர்களுக்கு: ஜீவசுதை என்ற சொல் மகனோடு போய்விடும் என்றீர்கள். பலசிரி விஷயத்தில் என்ன ஆயிற்று என்று மேலே எழுதியிருந்தேன். பிந்தைய கல்வெட்டில் அந்தச் சொல் இல்லை. ஆனால் மகாராஜமாதா என்பது இருக்கிறது, கூடவே பாட்டி என்பதும் ஏறிக்கொண்டது. மகனுக்குப் பேர் வந்ததே அவரால்தான். கௌதமிபுத்திரன் என்றால் கௌதமியின் மகன். தாயை மகனோடு கட்டுகிறார்கள் என்று வருந்துகிறீர்கள். சாதவாகனர் மகனைத் தாயோடு கட்டினார்கள்.

வாகாடக அரசி பிரபாவதி குப்தாவையும் பாருங்கள். கணவன் இரண்டாம் ருத்ரசேனன் இறந்த பின் சிறுவர்களான மகன்களுக்காக ஆண்டவர். புனாச் செப்பேட்டில் "யுவராஜ திவாகரசேன ஜனனி" என்று தம்மைச் சொல்லிக்கொள்கிறார். ரித்தபூர்ச் செப்பேட்டில் தாமோதரசேன, பிரவரசேன ஜனனி. மகன்களின் பெயர் இருப்பது உண்மை. ஆனால் வம்சாவளி யாருடையது? கணவன் வீட்டு வாகாடகருடையது இல்லை. தந்தை இரண்டாம் சந்திரகுப்தரின் குப்த வம்சம். கோத்திரமும் பிறந்த வீட்டுத் தாரண கோத்திரம். அதிகாரம் இருந்ததால்தான் அப்படி எழுத முடிந்தது.

அறிவன்:

முகலாயர் பக்கம் யாரும் போகவில்லை. அங்கே அரச குலப் பெண்ணின் இயற்பெயரை வெளியில் சொல்வது முறையில்லை என்பதால் பட்டமே பெயராயிற்று. அக்பரின் தாய் ஹமீதா பானு, மரியம் மக்கானி. ஜஹாங்கீரின் தாய் மரியம் உஸ் ஜமானி. ஷாஜஹானின் தாய்க்கு இறந்த பின் பில்கிஸ் மக்கானி என்ற பெயர். இவற்றில் தாய் என்ற சொல்லே இல்லை என்பதைக் கவனியுங்கள். மரியம் என்றது ஈசா நபியின் தாயை, பில்கிஸ் என்றது ஷேபா நாட்டு அரசியை.

ஆனால் முத்திரை என்று வரும்போது வேறு. மரியம் உஸ் ஜமானியின் ஆணைகளில் உள்ள முத்திரை அவரை நூருத்தீன் ஜஹாங்கீரின் வாலிதா, அதாவது தாய், என்று நேரடியாகச் சொல்கிறது. அவர் கப்பல் வைத்து வாணிகம் செய்தவர். 1613இல் அவருடைய ரஹீமி கப்பலைப் போர்த்துக்கீசியர் பிடித்தார்கள். அது பெரிய அரசியல் சிக்கலாக வெடித்தது. மண்மகள் சொல்வது போல மகனோடு கட்டிய பெயர்தான். அந்தக் கட்டு வணிக ஆணையில் வேலை செய்தது.

இன்னோர் உதாரணம் எனக்கு மிகவும் பிடித்தது. அவதின் நவாப் ஆசப் உத் தௌலாவின் தாயை உலகம் அறிவது பகூ பேகம் என்று. பகூ என்றால் மருமகள். மாமியார் சத்ருன்னிசா நவாப் பேகம். மகன் நவாப் ஆன பின்னும் இவர் மருமகள்தான். பைசாபாத்தில் இந்த இரண்டு பேகம்களின் செல்வத்தைக் கிழக்கிந்தியக் கம்பெனி பறித்த விவகாரம் வாரன் ஹேஸ்டிங்ஸ் மீதான பாராளுமன்ற விசாரணையில் முக்கியக் குற்றச்சாட்டாயிற்று. மருமகள் என்று பெயர் வைத்திருந்தவர் இந்தியாவின் பெரும் பணக்காரப் பெண்களில் ஒருவர்.

திண்ணை வாசகர்:

நம் மதுரையை மறந்துவிட்டீர்களே. 1689இல் மகன் ரங்ககிருஷ்ண முத்து வீரப்பன் அம்மை கண்டு இறந்தான். கைக்குழந்தையான பேரன் விஜயரங்க சொக்கநாதனுக்குப் பட்டம் சூட்டி ஆண்டவர் மங்கம்மாள். அரசனின் தாயாகவும் இருந்தார், பாட்டியாகவும் இருந்தார். சாலைகளும் சத்திரங்களும் அவர் பெயரைச் சொல்கின்றன. ஊர் அவருக்கு வைத்த பெயர் ராணி மங்கம்மாள், அவ்வளவுதான். ஆண்டவரை ஆண்டவராகவே நினைவில் வைத்திருக்கிறது மதுரை.

மைசூரிலும் ஒருவர். 1894 இறுதியில் சாமராஜேந்திர உடையார் கல்கத்தாவில் காலமானபோது மகன் நான்காம் கிருஷ்ணராஜருக்குப் பத்து வயது. தாய் கெம்பநஞ்சம்மணி 1902 வரை ரீஜெண்ட். வாணி விலாச சன்னிதானம் என்பது அவருடைய பட்டம். சித்திரதுர்க்கப் பக்கத்து அணைக்கும் பெங்களூர் மருத்துவமனைக்கும் வாணி விலாஸ் என்ற பெயர் அவரிடமிருந்து வந்தது. சிவசமுத்திர மின்சாரம் கோலார் தங்க வயலுக்குப் போனதும் 1902இல்தான்.

மாடமாளிகை:

இன்றைக்கு ராஜமாதா என்றதும் மகாராஷ்டிரத்தில் ஒரே ஒரு முகந்தான் நினைவுக்கு வரும், ஜீஜாபாய். வீட்டாரும் பணியாளரும் ஆவூசாகேப் என்று அழைத்தார்கள். சிவாஜிக்கு ராயகட்டில் முடிசூட்டு விழா நடந்தது 1674 ஜூன் 6. ஜீஜாபாய் மறைந்தது அதே மாதம் 17. முடிசூடிய அரசனின் தாயாக அவர் இருந்தது பதினொரு நாள். பட்டம் என்ற அளவில் பார்த்தால் அவ்வளவுதான். ஆனால் வேறு எந்த ராஜமாதாவுக்கும் கிடைக்காத நினைவு அவருக்குக் கிடைத்தது. அந்தப் பட்டத்துக்கு மகாராஷ்டிரத்தில் இன்றிருக்கும் கனம் அவர் கொடுத்தது.

பஞ்சாபில் மாய் என்ற எளிய சொல். ரஞ்சித் சிங்கின் தாய் ராஜ் கௌர் மாய் மால்வைன் என்று அறியப்பட்டவர். மால்வா பகுதிப் பெண் என்று பொருள். மறுபடியும் பிறந்த வீடு! அசாமில் ஆகோம் அரசர்களின் தாய்க்கு ராஜ்மாவ் என்று பெயர். சந்திரகாந்த சிங்கனின் தாய் நுமலி ராஜ்மாவ்.

மண்மகள்:

அறிவனும் கோதாவரிக் கரையும் எழுதியதைப் படித்தேன். அதிகாரம் இருந்த இடத்தில் பட்டத்துக்கும் பலம் இருந்தது, ஒப்புக்கொள்கிறேன். அதிகாரம் இல்லாத இடத்தில் பட்டம் யாரையும் காப்பாற்றவில்லை என்பதையும் சேர்த்து எழுதுங்கள். பஞ்சாபின் ஜிந்த் கௌர் மகாராஜா துலீப் சிங்கின் தாய், ரீஜெண்ட். பிரிட்டிஷார் அவரைப் பிள்ளையிடமிருந்து பிரித்துச் சிறை வைத்தார்கள். மகனைத் திரும்பப் பார்க்க அவருக்குப் பல ஆண்டுகள் ஆயின.

சட்டப்படி இன்று இந்தப் பட்டங்களின் நிலை என்ன? யாராவது சொல்லுங்கள். செய்தித்தாள்கள் இன்னும் எழுதிக்கொண்டுதான் இருக்கின்றன.

அறிவன்:

அரசமைப்பின் 18ஆம் பிரிவு அரசு பட்டம் வழங்குவதைத் தடுக்கிறது. ஆனால் சமஸ்தான மன்னர்களுக்கு இருந்த அங்கீகாரமும் மானியமும் தொடர்ந்தன. 1971இல் 26ஆம் திருத்தம் அவை இரண்டையும் நீக்கியது. அதோடு மகாராஜா என்ற சட்டநிலையே முடிந்தது. அரசனே இல்லாதபோது அரசனின் தாய் எப்படி இருப்பார்?

ஆனால் மக்கள் வாயிலிருந்து எடுக்க எந்தத் திருத்தத்தாலும் முடியவில்லை. குவாலியர் விஜயராஜே சிந்தியாவின் கணவர் 1961இல் இறந்தார். அன்றிலிருந்து கடைசிவரை அவர் ராஜமாதாதான். தேர்தல் மேடையிலும் அந்தப் பெயர், கட்சிக்குள்ளும் அந்தப் பெயர். நூற்றாண்டை ஒட்டி 2020இல் அரசு 100 ரூபாய் நினைவு நாணயம் வெளியிட்டபோதும் ராஜமாதா என்றே அவரைப் பேசினார்கள்.

குடந்தை வளவன்:

எல்லோருக்கும் நன்றி. ஆசிரியைகள் இருவரிடமும் இந்தப் பதிவுகளைக் காட்டினேன். பலகையில் ராஜமாதா என்ற சொல்லை எடுத்துவிட்டு, கோனேரிராஜபுரத்துக் கல்வெட்டு வாசகத்தை அப்படியே போடலாம் என்று முடிவாகியிருக்கிறது. பலசிரிக்கும் ஒரு சிறு பலகை வைக்கிறோம், அங்கே ராஜமாதா என்ற சொல் உரிமையோடு இருக்கும். சோழர்களுக்கு முந்தைய தமிழ்ப் பகுதியில் அரசனின் தாய் பற்றி ஏதாவது கிடைக்குமா?

கல்லெழுத்து:

கிடைக்கும். பதிற்றுப்பத்தின் பதிகங்களைப் பாருங்கள். சேரர் பெரும்பாலோரை அறிமுகப்படுத்தும்போது தந்தையோடு நிறுத்துவதில்லை. இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் யார்? உதியஞ்சேரலுக்கு "வெளியன் வேண்மாள் நல்லினி ஈன்ற மகன்". களங்காய்க்கண்ணி நார்முடிச்சேரல் வேளாவிக் கோமான் பதுமன் தேவி ஈன்ற மகன். செங்குட்டுவன் சோழன் மணக்கிள்ளி ஈன்ற மகன். பட்டம் ஒன்றும் இல்லை. வேளிர் குடியா, சோழர் குடியா என்று தாயின் பிறந்த வீட்டைச் சொல்கிறார்கள். மாடமாளிகை அம்மா சொன்ன பட்டியாணி வழக்கத்துக்கும், கல்வெட்டுகள் செம்பியன் மாதேவியை மழவரையர் மகளார் என்பதற்கும் இது வெகு அருகில் வருகிறது. காரணம் நடைமுறை சார்ந்தது. மணம் என்பது இரண்டு குடிகளின் உறவு. அரசனின் தாய் எந்தக் குடிப்பெண் என்பதைப் பொறுத்தே போரில் யார் துணைக்கு வருவார்கள் என்பது தெரியும்.

மண்மகள் அம்மாவும் இதைக் கவனிக்க வேண்டும். பதுமன் தேவி என்னும்போது குடிதான் தெரிகிறது. ஆனால் இமயவரம்பனின் பதிகத்தில் அவளுடைய சொந்தப் பெயரையே வைத்திருக்கிறார்கள். நல்லினி. பிள்ளைகளின் பலகைகளில் ஓர் இடம் மிச்சமிருந்தால் அந்தப் பெயரையும் எழுதச் சொல்லுங்கள்.